முப்பதுக்கு முப்பது

சால்ஃபோர்டு
மார்ச் 9, சனிக்கிழமை

என் அருமை மகள் லின்சிக்கு அம்மா எழுதுவது.

நீயும் கிரேக்கும் பிள்ளைகளும் நோய்நொடி இல்லாமல் இருப்பீர்கள், உலகத்தின் அந்தக் கோடியில், டனீடனில் குளிர் இன்னும் தொடங்கியிருக்காது என்று நம்புகிறேன். இங்கே நானும் சுகம் என்று எழுதத்தான் பேனாவை எடுத்தேன், எழுதியும்விட்டேன், மேலே அடித்துக் கிடக்கிறதே ஒரு வரி, அதுதான் அது. பிள்ளைகள் பள்ளிக்கூடம் போன பிறகு ஒரு டீயைப் போட்டுக்கொண்டு உட்கார்ந்து படி. பயப்படாதே என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை, ஏனென்றால் நானே பயந்துபோய்த்தான் இருக்கிறேன். முதலில் ஊர்ச் செய்தியைச் சொல்லிவிடுகிறேன். பக்கத்து வீட்டு எட்னாவுக்கு இடுப்பு ஆபரேஷன் முடிந்து, இப்போது கைத்தடியைத் தூக்கித் தபால்காரரை மிரட்டுகிற அளவுக்குத் தேறிவிட்டாள். பின்பக்க வேலி போன மாதக் காற்றில் சாய்ந்துவிட்டது, ஆள் வருகிறேன் வருகிறேன் என்கிறான், வந்தபாடில்லை. நீ அனுப்பிய கம்பளிக் காலுறை அளவாக இருக்கிறது, இப்போதும் அதைத்தான் போட்டிருக்கிறேன்.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். நவம்பரில் ஆரம்பித்தது. பார்லி லேன் சீரியலில் என் நோராவின் மீன்-சிப்ஸ் கடைக் காட்சி. முப்பத்தொரு வருஷமாக அந்தக் கவுன்டருக்குப் பின்னால் நின்று ஒரே கேள்வியைத்தான் கேட்டுக்கொண்டிருக்கிறேன், ‘உப்பு, வினிகர் போடட்டுமா கண்ணு?’ என்று. நீ பள்ளியில் படித்தபோது பையன்கள் உன்னைப் பார்த்து அதையே கேட்டுக் கேட்டு உயிரை வாங்கினார்களே, மறந்திருக்க மாட்டாய். அந்த வரிதான் அன்றைக்கு வரவில்லை. கையில் வினிகர் பாட்டில் இருக்கிறது, எதிரே கூட நடிக்கிற கென் நிற்கிறார், கேமரா ஓடுகிறது, எனக்கு அடுத்து என்ன சொல்ல வேண்டும் என்றே தெரியவில்லை. எல்லோரும் சிரித்தார்கள், டைரக்டர் பையன் ‘விடுங்க டோரீன், நான் நேத்து என் பெண்டாட்டி பேரையே மறந்துட்டேன், இன்னும் சோறு போடலை’ என்றான், நானும் சேர்ந்து சிரித்தேன். அப்புறம் கழிப்பறைக்குப் போய்த் தாழ்போட்டுக்கொண்டு அந்த ஒரு வரியை இருபது தடவை சொல்லிப் பார்த்தேன். அன்றிலிருந்து என் வசனங்களை மீன் சுற்றுகிற தாளில், கல்லாப்பெட்டி மூடிக்குள், கெட்டிலின் முதுகில் என்று எழுதி ஒட்டிவைக்க ஆரம்பித்தேன். எங்கள் தொழிலில் இது ஒன்றும் மானக்கேடு இல்லை, எங்கள் சீரியல் கிழவர் வில்ஃப் கதையில் செத்த தன் மனைவியின் சவப்பெட்டி மூடியிலேயே வசனத்தை ஒட்டிவைத்துக் கண்ணீர் விட்டுக்கொண்டே படித்தார், அதற்கு அவருக்கு விருது வேறு கிடைத்தது. ஆனால் அவர் சோம்பேறி, நான் அப்படி இல்லை. நாற்பது பக்கத்தை ஒரு ராத்திரியில் விழுங்கியவள் நான்.

உனக்குத் தெரியாத கதையா? பிஸ்கெட் ஆலையில் பகலில் பெட்டி அடுக்கிவிட்டு மாலையில் போல்ட்டன் நாடகக் கொட்டகையில் பதினாலு வருஷம் நின்றவளை நோராவாக நடிக்க மூன்றே வாரத்துக்கு என்று கூப்பிட்டார்கள், அப்போது உனக்கு நாலு வயசு. மூன்று வாரம் முப்பத்தொரு வருஷமாயிற்று. நோராவுக்கு மூன்று கல்யாணம், ஒரு ஜெயில், இரண்டு தீ விபத்து, தொலைந்துபோய்த் திரும்பி வந்த ஒரு மகன். அவள் புருஷனுக்குத் துரோகம் செய்த வருஷம் காய்கறிக் கடையில் முன்பின் தெரியாத ஒரு அம்மாள் ‘அந்த நல்ல மனுஷனுக்குப் போயி இப்படிப் பண்ணிட்டியேடி’ என்று வெங்காயத்தாள் மாதிரி நீளமான லீக் தண்டால் என் தோளில் ஒன்று போட்டாள், நீ கூடத்தான் இருந்தாய், வெட்கப்பட்டுத் தக்காளிக் கூடைக்குப் பின்னால் ஒளிந்தாய். உன் அப்பாவை அடக்கம் செய்த மறுநாள் நோராவுக்கு மூன்றாம் கல்யாணம் எடுத்தார்கள். தேதியைத் தள்ளி வைக்கட்டுமா என்று கேட்டார்கள், வேண்டாம் என்று சொன்னவள் நான்தான். அதை நீ ஒருநாளும் கேட்டதில்லை, நானும் சொன்னதில்லை.

போன வாரம் நீ போனில், ‘அம்மா, நேத்து டிவியில வில்ஃப் சாவுக்கு நீ அழுதியே, கிரேக்கே கண்ணைத் துடைச்சிக்கிட்டான், இன்னும் பத்து வருஷம் அசைக்க முடியாது உன்னை’ என்றாய். கண்ணே, அங்கே உங்களுக்கு வருகிற பார்லி லேன் இங்கே வந்து ஒன்றரை வருஷமாகிறது. நீ பார்த்தது ஒன்றரை வருஷத்துக்கு முந்தைய அம்மாவை. அவள் நன்றாகத்தான் இருந்தாள். அவளைப் பார்த்துத்தான் நீ நிம்மதியாகத் தூங்குகிறாய். வின்னி பெரியம்மாவுக்கும் அந்த மறதி நோய் அறுபத்தைந்தை ஒட்டித்தான் ஆரம்பித்தது, செருப்பை அடுப்புக்குள் வைத்தாளே, நாமெல்லாம் விழுந்து விழுந்து சிரித்தோமே. எனக்கு வருகிற ஜூனில் அறுபத்தைந்து.

வேலை இடத்தில் யாருக்கும் மூச்சுக் காட்டவில்லை. எங்கள் மூன்றாம் மாடி உனக்குத் தெரியும், தயாரிப்பாளர் அம்மாள் மேலே டீக்குக் கூப்பிட்டால் தட்டில் என்ன பிஸ்கெட் இருக்கிறது என்றுதான் முதலில் பார்ப்போம். சாதா பிஸ்கெட் என்றால் பிழைத்தோம், சாக்லேட் பிஸ்கெட் என்றால் ஆள் காலி, அடுத்த மாதமே கதையில் அந்த ஆளைச் சாகடிக்க ஒரு இருமல் வந்துவிடும். ஆனால் கென்னிடம் மறைக்க முடியவில்லை. பத்தொன்பது வருஷம் திரையில் எனக்குப் புருஷனாக இருந்தவர், நான் கெட்டிலை எத்தனை தடவை திருப்பிப் பார்க்கிறேன் என்று எண்ணிக்கொண்டே இருந்திருக்கிறார். அவர் மனைவி ஹெட்டி இந்த நோயில்தான் போனாள். பிப்ரவரியில் ஒருநாள் உடை அறை வாசலில் என்னை மறித்து நிறுத்தி, ‘போதும் டோரீன், மறைச்சது. ஹெட்டி விஷயத்துல ரெண்டு வருஷம் கண்ணை மூடிக்கிட்டு இருந்த பாவி நான். டாக்டர்கிட்ட போ’ என்றார். அங்கே என்ன கேட்பார்கள் என்று கேட்டேன். என் பயம் தெளியட்டும் என்று அந்த நல்ல மனுஷன் ஒன்றுவிடாமல் சொன்னார். தேதி, கிழமை, பிரதமர் பெயர், நூறிலிருந்து ஏழு ஏழாகக் கழிப்பது, பதினொன்று பத்து காட்டுகிற கடிகாரம் வரைவது, அப்புறம் ஒரு பெயரும் விலாசமும் சொல்லிவிட்டு ஐந்து நிமிஷம் கழித்துத் திரும்பக் கேட்பது, பீட்டர் லாம்ப், பதினேழு, மேனர் தெரு, கிரிம்ஸ்பி. ஹெட்டியிடம் ஒவ்வொரு தடவையும் அதே ஆளைத்தான் கேட்டார்களாம். அவர் சொல்லச் சொல்ல நான் பையிலிருந்து பென்சிலை எடுத்துவிட்டேன் லின்சி.

கையில் தாள் வந்தால் மனப்பாடம் செய்வது எனக்கு, விளக்குக் கம்பத்தைக் கண்ட நாய் மாதிரி. இரண்டு வாரம் மதியச் சாப்பாட்டு வேளையில் ஒத்திகை பார்த்தோம், கென் டாக்டர், நான் நான். அவருக்கும் நடிகர் புத்தி போகவில்லை, ‘எழுபத்தொன்பதுல கொஞ்சம் நிறுத்து, மளமளன்னு சொன்னா நம்ப மாட்டாங்க’ என்று யோசனை வேறு சொன்னார். போன வெள்ளிக்கிழமைக்கு முந்தைய வெள்ளி டாக்டர் பெல்லமியிடம் போனேன், சின்னப் பெண், அவள் அம்மா என் ரசிகையாம். அவள் பீட்டர் லாம்ப் என்று ஆரம்பித்ததும் எனக்கு உள்ளுக்குள் கைதட்டல் கேட்டது. எழுபத்தொன்பதில் நிறுத்தினேன், புருவத்தைச் சுளித்தேன், எழுபத்திரண்டு என்று மெல்லச் சொன்னேன். ‘முப்பதுக்கு முப்பது, மிஸஸ் என்ட்விசில்! என்னைவிட நீங்க தெளிவா இருக்கீங்க, வெறும் களைப்புதான்’ என்று சொல்லி அம்மாவுக்குக் கையெழுத்தும் வாங்கிக்கொண்டாள். கீழே காத்திருந்த கென்னைக் கட்டிக்கொண்டேன், கஸ்டர்டு கேக் வாங்கித் தின்றோம், பரீட்சையில் தேறிய பிள்ளைகள் மாதிரி சிரித்தோம். பிறகு கென் சிரிப்பு நின்றுபோய் டீயைக் கலக்கிக்கொண்டே இருந்தார். ‘பாவம் ஹெட்டி, அவளுக்கு நடிக்கத் தெரியாது’ என்று மட்டும் சொன்னார். நான் பேச்சை மாற்றிவிட்டேன்.

அதே நாள் மத்தியானம் மூன்று மணிக்கு நடந்ததைத்தான் சொல்ல வேண்டும். வீட்டுக்குப் போகிறேன் என்று கிளம்பினேன். லேசாகத் தூறியது. காரை நிறுத்தி, சாவியை எடுத்துக் கதவில் வைத்தேன், நுழையவில்லை. திருப்பிப் பார்த்தேன், வேறு சாவியைப் போட்டுப் பார்த்தேன், யார் பூட்டை மாற்றியது என்று எரிச்சல் வந்தது. கதவைத் தட்டி, ‘ஜெஃப், திறங்க, நனையறேன்’ என்று உன் அப்பாவைக் கூப்பிட்டேன். நாலைந்து தடவை கூப்பிட்டேன். அப்புறம்தான் கதவின் பச்சை நிறம் கண்ணில் பட்டது. பார்லி லேன், எட்டாம் நம்பர், நோராவின் வீடு. அன்றைக்குப் படப்பிடிப்பு இல்லை, தெருவில் ஈ காக்காய்கூட இல்லை. அந்தக் கதவுக்குப் பின்னால் வீடே கிடையாது, நாலு முட்டுக் கட்டையும் மணல் மூட்டையும்தான் என்பது எனக்குத் தெரியாதா, முப்பத்தொரு வருஷமாகத் தெரியும். வாசல் காவலர் டெஸ்மண்ட் குடையோடு ஓடிவந்து, ‘என்ன நோரா, புருஷன் உள்ளேயிருந்து பூட்டிக்கிட்டானா?’ என்று கேட்டார். ஒரு நொடிகூடத் தாமதமில்லாமல் நோரா குரலில், ‘வெளியே வரட்டும், வாணலியாலேயே ஒண்ணு வைக்கிறேன்’ என்றேன். அவர் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். நான் காருக்குள் உட்கார்ந்து, என் வீடு எந்தப் பக்கம் என்பது நிச்சயமாகும்வரை ஒரு மணி நேரம் வண்டியை எடுக்கவே இல்லை.

புதன்கிழமை கென்னிடம் சொன்னேன். ‘நான்தான் உன்னைக் கெடுத்தேன்’ என்று மனுஷன் அழுதுவிட்டார், அவரைச் சமாதானப்படுத்துவதே பெரும்பாடாகிவிட்டது. மறுநாள் டாக்டருக்குப் போன் செய்து, காப்பியடித்துப் பிடிபட்ட பிள்ளை மாதிரி எல்லாவற்றையும் ஒப்புக்கொண்டேன். அவள், ‘அடுத்த வியாழன் வாங்க, வேற கேள்வி கேக்கறேன், மூளையையும் படம் எடுத்துப் பாத்துடலாம், யார்கிட்டயும் எதுவும் கேட்டுட்டு வராதீங்க’ என்றாள். எனக்குத் தெரிந்துகொள்ள வேண்டாம் என்றிருக்கிறது. தெரியாமலும் இருக்க முடியவில்லை. சாவுக்குப் பயமில்லை, நோராவுக்காக இரண்டு தடவை சாகக் கிடந்தவள் நான். பயம் வேறு. வின்னி கடைசி வருஷத்தில் டிவியைக் காட்டி ‘அதோ பார், நோரா வர்றா’ என்று சந்தோஷமாகச் சொன்னாள், பக்கத்தில் உட்கார்ந்து கையைப் பிடித்துக்கொண்டிருந்த தங்கச்சி நான் யாரென்று அவளுக்குத் தெரியவில்லை. எனக்கும் அப்படி ஆகி, நோராவின் பிள்ளைகள் பெயரெல்லாம் நாக்கில் நிற்க, உன் பெயர் போய்விட்டால் என்ன செய்வேன்? யோசித்துப் பார்த்தால் உன்னோடு இருந்ததைவிட அந்தப் பிள்ளைகளோடு இருந்த பொழுதுதான் அதிகம். இதை நினைத்தால் எனக்குச் சோறு இறங்கவில்லை.

வியாழக்கிழமை கென் வண்டி ஓட்டுவார், உள்ளே வரக் கூடாது என்று சொல்லிவிட்டேன். டாக்டரிடம் உன் நம்பரைக் கொடுத்திருக்கிறேன். முடிவு வந்ததும் முதலில் உன்னிடம் சொல்ல வேண்டும், என்னிடம் அப்புறம் சொன்னால் போதும் என்று எழுதிக் கையெழுத்தும் போட்டுவிட்டேன். அதற்காகக் கோபித்துக்கொள்ளாதே.

குட்டி ரூபிக்குக் கடைவாய்ப் பல் வலி என்றாயே, தள்ளிப் போடாமல் காட்டிவிடு. கிரேக்கை அந்த ஆடுகிற ஏணியில் ஏற விடாதே. நீங்கள் நாலு பேரும் ஒரு குறையும் இல்லாமல் நீடூழி இருக்க வேண்டும், பிள்ளைகள் கன்னத்தில் எனக்காக ஒரு முத்தம் கூடுதலாகக் கொடு, கடவுள் உங்களுக்குத் துணையாக இருக்கட்டும்.

ஒன்றை மட்டும் மறக்காதே. இந்தக் கடிதம் கிடைத்ததும் பதறிப்போய் எனக்குப் போன் பண்ணுவாய். ‘அட பைத்தியம், கிழவி ஏதோ ஒரு நாள் மனசு சரியில்லாம எழுதிட்டேன், ஒண்ணுமில்ல, பிள்ளைங்க படிப்பைக் கெடுத்துக்கிட்டு வராதே’ என்று சிரித்துக்கொண்டே சொல்வேன். ரொம்ப நன்றாகச் சொல்வேன், நாற்பத்தைந்து வருஷத் தொழில். நம்பாதே. கிளம்பி வா.

உன் அம்மா,
டோரீன்