அந்த பேஸ்பால் கேமில் உன் பெயர்

தம்பி,

டிவி மேஜையைத் துடைக்கப் போனவள் உன் கேம் கன்ட்ரோலரைக் கையில் எடுத்துவிட்டேன். பொத்தான் இடுக்கெல்லாம் மிக்சர் தூள். நீ கண்ணை மூடி ஆறு மாதம் ஆகியும் அந்த எண்ணெய் வாசம் போகவில்லை. கையைக் கழுவிவிட்டு உட்கார் என்று எத்தனை தடவை சொல்லியிருப்பேன். நீ கேட்டால்தானே.

உன் வீட்டுக்காரி ஆஸ்பத்திரி வேலைக்குப் போகிறாள், குழந்தை ஷீபாவைப் பார்த்துக்கொள்ள ஆள் வேண்டும் என்று என்னை அமெரிக்காவில் இந்த ஃப்ரீமான்ட்டுக்கு வரவழைத்தாய். வந்து பார்த்தால் நீ பார்க்கிற வேலை வீடியோ கேம் விளையாடுவது.

"எக்கா, இது விளையாட்டு இல்ல, டெஸ்டிங். எங்க தப்பு இருக்குன்னு கண்டுபிடிக்கணும்."

"இதுக்கா என்னை அஞ்சாங்கிளாசோட நிறுத்திட்டு உன்னைப் படிக்க வச்சாங்க?"

சும்மா ஒரு தடவை கேட்டதில்லை. சோறு போடும்போதெல்லாம் கேட்டேன்.

அதுவும் வேறு வேறு கேமா என்றால் இல்லை. முதல் வருஷம் ஆட்கள் தீக்குச்சி மாதிரி இருந்தார்கள். மறுவருஷம் மூக்கும் முழியும் வந்தது. அதற்கடுத்து கூட்டம் எழுந்து கை தட்டியது. ஆட்டம் என்னவோ அதே பேஸ்பால் ஆட்டம், அட்டையில் மட்டும் வருஷம் மாறும். நீயோ ஒவ்வொன்றையும் புதிதாகப் பிறந்த பிள்ளை மாதிரி தூக்கிக்கொண்டு வருவாய்.

ஒரு சனிக்கிழமை என்னையும் பிடித்து உட்கார வைத்தாய். எனக்குத் தெரிந்தது கிரிக்கெட். பந்தை அடித்தேன். ஆளை முதல் பேஸுக்கு ஓட்டினேன், திரும்பப் புறப்பட்ட இடத்துக்கே ஓட்டினேன், மறுபடி அங்கே, மறுபடி இங்கே. ரன் சேர்கிறது என்றுதான் நினைத்தேன். படம் அப்படியே நின்றுவிட்டது. உடைத்துவிட்டேனோ என்று கன்ட்ரோலரைக் கீழே வைக்கிறேன், நீ சிரிக்கிறாய்.

"பேஸ்பால்ல சுத்தித்தான் ஓடணும், எவன் எக்கா திரும்பி ஓடுவான்? நாங்க இருபது பேரு மூணு மாசமா பாக்காத தப்ப நீ பாத்துட்ட."

அந்த வருஷத்து கேம் கடைக்கு வந்ததும், கடைசியில் ஓடுகிற பெயர்களில் இரண்டு வரியைக் காட்டினாய். "மேல இருக்கது நான். கீழ இருக்கது நீ." எனக்கு இங்கிலீஷ் வாசிக்கத் தெரியாது. நம்பினேன். மாதா கோயிலில் ஒருத்தர் பாக்கியில்லாமல் சொல்லிவிட்டேன்.

போன வாரம் ஷீபாவை அதைப் போடச் சொன்னேன். ஒன்பது வயதாகிவிட்டது, நன்றாக வாசிக்கிறாள்.

"அப்பா பேரு எங்கன்னு காட்டு."

"நாட் தேர், அத்தை."

"நல்லா பாரு. மேலயும் கீழயுமா ரெண்டு பேரு இருக்கும்."

மூன்று தடவை ஓட்டினாள். நீ காட்டிய இடத்தில் இருந்தது யாரோ இரண்டு வக்கீல்களின் பெயராம். அடுக்களையிலிருந்து உன் வீட்டுக்காரி எட்டிப் பார்த்தாள். "அவங்க கான்ட்ராக்ட்தான மதினி. கான்ட்ராக்ட் ஆளுங்க பேர கம்பெனில போட மாட்டாங்க. ஒங்ககிட்ட சொல்லலியா?"

நீ எங்கே சொன்னாய்? என் பெயர் இல்லாதது போகட்டும், நான் ஒரு நாள் விளையாடியவள். ராத்திரி பகலாக உட்கார்ந்து கண்ணைக் கெடுத்துக்கொண்டவன் நீ. உன் பெயரைப் போடவில்லை என்று அக்காவிடம் ஒரு வார்த்தை சொன்னால் என்ன குறைந்துபோகும்? சோறு போடும்போது நான் கேட்டதையெல்லாம் மனசில் வைத்துக்கொண்டா யாரோ வக்கீல் பெயரைக் காட்டினாய்? கிறுக்கா, அதற்காகவா?

நேற்று ஞாயிறு பூசை முடிந்து எல்லோரும் காபி குடித்துக்கொண்டிருந்தோம். பாட்டுக்குழுவில் இருக்கிற பெண் ஒருத்தி என்னிடம் வந்தாள்.

"ஆன்ட்டி, என் பையன் அந்த பேஸ்பால் கேம் வாங்கிருக்கான். கடைசி வரைக்கும் ஓட விட்டுப் பாத்தோம். உங்க தம்பி பேர் வரலியே?"

"எந்த வருஷத்துதும்மா?"

"போன வருஷம் வந்தது."

"அதுல இருக்காது. அதுக்கு முந்தினதுல பாரு."

அவள் விடுகிற ஆள் இல்லை. அதையும் தேடிப் பிடித்துப் பார்த்துவிட்டு வருவாள். வரட்டும், அதற்கும் முந்தினதைச் சொல்வேன். கம்பெனிக்காரர்கள்தான் வருஷத்துக்கு ஒன்று போட்டு வைத்திருக்கிறார்களே. வெள்ளிக்கிழமை பாவசங்கீர்த்தனம் இருக்கிறது. சாமியாரிடம் மற்ற பாவத்தையெல்லாம் சொல்வேன், இந்தப் பொய்யைச் சொல்லப் போவதில்லை.