நாப்பத்தோரு செக்கன்

ஹாலிஎல
04.05.2025

தம்பி ஜெயகுமாருக்கு, மதினி இராக்கம்மா எழுதுறது.

சாப்புடுறீங்களா? தங்கச்சி தனுஜா தவறிப்போயி மூணு மாசத்துல நீங்க பாதியா போயிட்டதா சொல்றாங்க. கோவத்துல உங்க நம்பர ப்ளொக் பண்ணிட்டேன். அதான் கடுதாசி.

தை மாசம் பதுளை பொக்சிங் போட்டியில எம் மக சுபா அடிவாங்கி விழுந்த வீடியோவ ஃபேஸ்புக்ல போட்டிருக்கீங்க. மெதுவா, மூணு தடவ, பாட்டு வேற. காலையில தோட்டத்துல வேல பிரிக்கிற பெரட்டுல நிக்கிறப்ப கங்காணி போன நீட்டி, "இது ஒம் மகதானே?"ங்குறாரு. ஸ்கூல்ல அவ நடந்து போனா விழுந்தப்ப ரெஃபரி எண்ணுன மாதிரி "ஒண்ணு, ரெண்டு, மூணு"ன்னு எண்ணுறானுங்களாம். பதினாலு வயசு தம்பி. கிளவுஸ தூக்கி அடுப்புல போடப் பாத்தா.

தனுஜான்னா எங்க லயத்து வீட்டுக்கு வந்து, "அக்கா, இத போடவா?"ன்னு கேட்டுட்டுத்தான் போடுவா.

எல்லாத்தையும் அழிச்சிருங்க.

இராக்கம்மா


பதுளை
09.05.2025

மதினிக்கு,

தப்புத்தான். தனுஜா போனதுலருந்து கை அதுபாட்டுக்கு வேல செய்யுது. சுபாவுக்கு பொக்சிங் சொல்லிக்குடுக்குற ஸப்வான் மாஸ்டர் கிளப் பேஜுக்குக் கேட்டாரு, போட்டேன். இப்ப எடுத்துட்டேன். ஆனா பதினொரு பேஜ்ல கொப்பி இருக்கு. ரிப்போர்ட் பண்ணதுல நாலுதான் போச்சு. மத்தது போகாது. எனக்குத் தெரியும், வீடியோ எடுத்துப் போடுறதுதானே எம் பொழப்பே.

எங்கிட்ட இருக்குற ஒரிஜினல மட்டும் அழிக்கச் சொல்லாதீங்க. ரிங் ஓரமா நின்ன தனுஜா கொரல் அதுல இருக்கு. அவ போன் ஆஸ்பத்திரியில காணாமப் போச்சு. வேற எதுலயும் அவ பேசல. பாட்டு போட்டதே அந்தக் கொரல வேற யாரும் கேக்கக்கூடாதுன்னுதான். தெனம் கேக்குறேன்.

ஜெயகுமார்


ஹாலிஎல
15.05.2025

தம்பி,

எம் புள்ள விழுந்தத ஊருக்குக் குடுத்துட்டு, தங்கச்சி கொரல நீங்க வச்சுக்கிட்டீங்களா?

சுபாகிட்ட சொன்னேன். கீழ கெடந்தப்ப சித்தி கொரல் மட்டும் கேட்டுச்சாம். என்ன சொன்னான்னு நெனவில்லயாம்.

என்ன சொன்னா? எழுதுங்க.

இராக்கம்மா


பதுளை
21.05.2025

மதினிக்கு,

நீங்க கேட்டப்புறந்தான் வார்த்தையக் கேட்டேன். இத்தன நாளும் கொரல மட்டுந்தான் கேட்டிருக்கேன்.

"ஏங்க, நிப்பாட்டுங்க. புள்ள எந்திரிக்கல. கேமராவ நிப்பாட்டுங்க."

அவ்வளவுதான்.

அதுக்கப்புறமும் நாப்பத்தோரு செக்கன் வீடியோ எடுத்திருக்கேன். கிட்டப் போயி, சுபா மூஞ்சிய ஃபோகஸ் பண்ணி. கடைசியில தனுஜா கை வந்து லென்ஸ மூடுது.

சுபாகிட்ட சொல்லுங்க. காலையில ஒரிஜினல அழிச்சிட்டேன். பேக்கப்பையும். தனுஜா சொன்னத இப்பத்தான் செஞ்சேன்.

பதில் எழுத வேணாம்.

ஜெயகுமார்