முப்பத்தோராம் நாள்

சிங்கப்பூர், 12.3.1961

அன்புள்ள அம்மாவுக்கு,

அம்பிகைபாகன் வணங்கி எழுதுவது. கால் வீக்கம் வற்றிவிட்டதா? நான் சுகம்.

ஐயாவின் செத்தவீட்டுக்கு யாழ்ப்பாணம் வந்து நின்றதில் வகுப்பு வரவு குறைந்துவிட்டதாம். மருத்துவப் பரீட்சை எழுத விடவில்லை. வழக்குப் போட்டிருக்கிறேன், பயப்படாதீர்கள். கூடப் படித்தவர்கள் பரீட்சைக்குப் போய்விட, விடுதியில் நான் மட்டும் இருக்கிறேன்.

சிராங்கூன் ரோட்டு வக்கீல் அழகப்பன் தஞ்சாவூர்க்காரர். "பதினாறாம் நாளோட அப்பா கருமாதி முடிஞ்சிடுமே தம்பி, அப்புறமும் ஏன் அங்கயே இருந்தீங்க?" என்று அவரே கேட்டார். எங்களுக்கு முப்பத்தோராம் நாள்தான் அந்தியேட்டி என்றேன்.

"ஜட்ஜுக்கு அத்தாட்சி வேணும்லா" என்றார்.

அந்தியேட்டியன்று அச்சடித்துக் கொடுத்த நினைவுக் கல்வெட்டுப் புத்தகத்தில் திகதியும் ஐயாவின் படமும் உண்டல்லவா? அதில் இரண்டு அனுப்புங்கள். தபாலுக்கு நேரமாகிறது, நிறுத்துகிறேன்.

அம்பி

கோர்ட்டுக்கு ஒன்று போதும்.