வீடியோவில் வராத செய்தி

நாசரேத்
3.2.2025

என் ஈவாவுக்கு அம்மா எழுதுவது.

நீ உண்டாகியிருப்பதை உங்கள் யூடியூப் சேனலில் பார்த்துத் தெரிந்துகொண்டேன். எதிர்வீட்டு ஜெயஷீலா போனைத் தூக்கிக்கொண்டு ஓடிவந்தாள். “டீச்சரக்கா, ஒரு வார்த்தை சொல்லலியே!” எனக்கே தெரியாது என்று சொல்ல வெட்கமாக இருந்தது. சிரித்துவைத்தேன்.

போனில் கேட்கலாமென்றால், அதையும் வீடியோ எடுத்துக்கொண்டு “அத்தை, எல்லாருக்கும் ஒரு ஹாய் சொல்லுங்க” என்கிறார் மாப்பிள்ளை. அதனால்தான் கடிதம். வாந்தி இருக்கிறதா? என்ன சாப்பிடுகிறாய்?

அம்மா
ஞானதீபம்

தூத்துக்குடி
11.2.2025

அன்புள்ள அம்மா,

கோபப்படாதீர்கள். உங்களிடம்தான் முதலில் சொல்ல நினைத்தேன். “அத்தை கேட்டதும் முகம் மாறுறத எடுக்கணும், அதுவரைக்கும் சொல்லாத ஏளா” என்றார் பெவின். நீங்கள் வருவதற்குள் வீடியோ போடும் நாள் வந்துவிட்டது.

இப்போது யாருக்கும் பொறுமையில்லை அம்மா. அரை நிமிஷம் பார்த்துவிட்டு விரலால் தள்ளிவிடுகிறார்கள். ஒரு வாரம் நாங்கள் வராவிட்டால் மறந்தே போவார்கள். துறைமுக வேலையை விட்டுவிட்டு அவர் இதைத்தான் நம்பியிருக்கிறார்.

ஈஸ்டருக்கு வாருங்கள். அந்த நீலச் சேலை கட்டுங்கள், வீடியோவில் எடுப்பாக இருக்கும். வாந்தி கொஞ்சம் இருக்கிறது.

ஈவாஞ்சலின்

நாசரேத்
18.2.2025

ஈவா,

சேலையை எடுத்தேன், திரும்ப மடித்து வைத்துவிட்டேன். அப்பாவின் நினைவு ஜெபத்தில் நான் அழுததை உங்கள் சேனலில் இரண்டு லட்சம் பேர் பார்த்தார்கள். மளிகைக்கடை அண்ணாச்சி இன்னமும், “அழாதீங்க டீச்சர்” என்கிறார். நான் வரவில்லை ஈவா. உன்னை இங்கிருந்தே பார்த்துக்கொள்கிறேன். நேற்று முத்துநகர் கடற்கரையில் ஐஸ்கிரீம் தின்றுகொண்டு சிரித்தாய். முகம் தெளிவாக இருந்தது. எனக்கு அது போதும்.

அம்மா

தூத்துக்குடி
3.3.2025

அம்மா,

அந்த ஐஸ்கிரீம் வீடியோ முன்கூட்டியே எடுத்து வைத்தது. அது வந்த அன்று என் வயிற்றில் பிள்ளை இல்லை. போன மாதம் பதினான்காம் தேதியே கலைந்துவிட்டது.

பெவினும் என்னோடு உட்கார்ந்து அழுதார். பிறகு, “இப்ப சொல்ல வேண்டாம் ஏளா, எடுத்து வச்சதப் போட்டுருவோம்” என்றார். போட்டுக்கொண்டிருக்கிறோம். ஜனங்கள் பிள்ளைக்குப் பெயர் எழுதி அனுப்புகிறார்கள். சமைத்துக்கொண்டே வாசிக்கிறேன். எல்லாமே நல்ல பெயர்கள் அம்மா.

இதை வேறு யாரிடமும் சொல்லவில்லை. இந்தக் கடிதத்தை நீங்கள் வாசிக்கும்போது உங்கள் முகத்தை யாரும் படம் எடுக்க மாட்டார்கள்.

வெள்ளிக்கிழமை இன்னொரு வீடியோ வரும். அதிலும் நான் சிரிப்பேன். அதைப் பார்க்காதீர்கள் அம்மா. வாருங்கள்.

ஈவா