மூட்டைக்குப் பின்னால் ஒரு பூச்சி

களக்காடு,
29 ஜனவரி 1912

பிரியமுள்ள சிநேகிதன் சாலமோனுக்கு மீரா முகைதீன் எழுதிக்கொண்டது.

நான் சுகம். உன் சுகத்தை ஆண்டவன் பார்த்துக்கொள்வான். உன் சேட்டையை வாத்தியாரான உன் அப்பாவின் பிரம்பு பார்த்துக்கொள்ளும். நான்காம் பாரத்தில் நாம் உட்கார்ந்த பெஞ்சில் இப்போது என் இடத்தில் யார்? வாப்பா மவுத்தானதும் படிப்பு முடிந்தது என்று அழுதேன். இங்கே வந்த பிறகுதான் தெரிகிறது, பெஞ்சு மட்டும்தான் போயிருக்கிறது, பரீட்சை போகவில்லை.

வேலையைச் சொல்கிறேன். மலையாளத்துப் பக்கம் வைசூரி கண்டிருக்கிறது. மலைப்பாதையில் இறங்கி வருகிறவர்களைப் பதினான்கு நாள் வைத்துப் பார்த்துத்தான் ஊருக்குள் விடுவார்கள். அதற்கு ஊருக்கு வெளியே ஓர் ஓலைக்கொட்டகை. நான் அதில் ரைட்டர். வருகிறவன் பேர், ஊர், காய்ச்சல் உண்டா என்று எழுத வேண்டும். இங்கிலீஷ் தெரியும் என்று சொல்லித்தான் இந்த வேலை கிடைத்தது. அதுதான் இப்போது கழுத்தைப் பிடிக்கிறது.

மேலிடத்திலிருந்து ஓர் ஆர்டர் வந்தது. கொட்டகையில் உள்ள எல்லா 'ஃபோமைட்ஸ்'களையும் தாமதமில்லாமல் அழிக்க வேண்டுமாம். எஃப், ஓ, எம், ஐ, டி, இ, எஸ். சானிட்டரி இன்ஸ்பெக்டர் தாணுமாலையன் வாசித்துக் காட்டிவிட்டு, "வெளங்குதாலே?" என்றார். நான் "எஸ் சார்" என்றேன். ஒரு மண்ணும் விளங்கவில்லை. அவர் நாங்குநேரிக்குப் போய்விட்டார். வர மூன்று வாரம் ஆகும். ஆள் அனுப்பிக் கேட்டால் என் 'எஸ் சார்' பொய்யென்று தெரிந்துவிடும். உன் வீட்டில் அகராதி இருக்கிறது. பார்த்து உடனே ஒரு கார்டு போடு. வேடிக்கை வேண்டாம்லே, வேலைக் காரியம்.

அன்பு மாறாத,
மீரா முகைதீன்

பாளையங்கோட்டை,
31 ஜனவரி 1912

கொட்டகைக் கவர்னர் மீரா முகைதீன் துரை அவர்கள் சமுகத்துக்கு,

என் பேரே சாலமோன். ஞானத்துக்கு நீ வேறு எங்கே போவாய்? கேட்டுக்கொள். ஃபோ என்றால் பகைவன். மைட்ஸ் என்றால் பூச்சி. பகைப் பூச்சி! அதாவது மனுஷனைத் தூங்கவிடாத மூட்டைப்பூச்சி. நம் வாயில் சொன்னால், 'போ, மைட்ஸே, போ!' கட்டிலையெல்லாம் வெயிலில் தூக்கிப்போட்டு வெந்நீர் ஊற்று. பூச்சி செத்தால் வைசூரி செத்தது.

நீ அடையாளம் கண்டுபிடிக்க ஒரு ஃபோமைட்ஸை ஓரத்தில் வரைந்திருக்கிறேன். தொப்பி வைத்து, பிரம்பு பிடித்து நிற்கிறது. உன் இன்ஸ்பெக்டர் ஜாடை இருந்தால் நான் பொறுப்பல்ல.

ஞானவான்,
சாலமோன்

களக்காடு,
6 பிப்ரவரி 1912

அன்புள்ள சாலமோனுக்கு,

நீ நல்லாயிருப்பே. உன் கார்டு வந்த அன்றே வேலையைத் தொடங்கிவிட்டேன். பன்னிரண்டு கட்டிலும் வெயிலில் கிடக்கின்றன. கொட்டகை கூட்டுகிற பேச்சித்தாய் அக்கா கொப்பரை கொப்பரையாக வெந்நீர் கொண்டுவந்தாள். "ஆர்டருக்குச் சாவுத மூட்டப்பூச்சிய இப்பதான் பாக்கேன்" என்று ஒரே சிரிப்பு. செத்த பூச்சிகளை அள்ளி ஒரு சிரட்டையில் வைத்திருக்கிறேன், இன்ஸ்பெக்டருக்குக் காட்ட. உன் தொப்பிப் பூச்சியை மேஜைமேல் ஒட்டியிருக்கிறேன்.

இன்னொன்று. போன வாரம் மலையிலிருந்து வந்த வியாபாரி ஒருவர் இங்கேயே வைசூரியில் இறந்துபோனார். அவருடைய மூட்டை கொட்டகை மூலையில் கிடந்தது. மேலே சிவப்புக் கம்பளி ஒன்று, புதுசு. பேச்சித்தாய் அக்காளுக்கு மாரிக்கண்ணு என்று ஏழு வயசுப் பிள்ளை. காலைப் பனியில் அம்மா பின்னால் வந்து வெடவெடவென்று நிற்கும். எனக்குப் பயம் இல்லாமல் இல்லை. ஆர்டரை மறுபடி எடுத்து வாசித்தேன். துணியில் தீங்கு இருந்தால் பூச்சியை எழுதினவர்கள் துணியையும் எழுதியிருக்க மாட்டார்களா? ஒரு சொல் இல்லை. இன்று காலை அந்தக் கம்பளியைப் பிள்ளைக்குக் கொடுத்துவிட்டேன். போர்த்திக்கொண்டு ராணி மாதிரி நடந்தது.

உம்மாவை மேலப்பாளையத்தில் ஒரு நடை போய்ப் பார்த்து நான் சுகம் என்று சொல்.

மீரா முகைதீன்

பாளையங்கோட்டை,
15 பிப்ரவரி 1912

அன்புள்ள மீராவுக்கு,

பதில் தாமதம். பரீட்சை வருகிறது என்று அப்பா என்னை அறையில் போட்டு அடைத்திருக்கிறார். ஆற்றில் குளித்து ஒரு வாரம் ஆகிறது. என்னை இப்போது மோந்து பார்த்தால் உன் வைசூரி ஓடிப்போகும். உம்மாவைப் பார்த்தேன். தட்டு நிறையத் தின்னக் கொடுத்தார்கள். நீ இளைத்துப்போனாயா என்று கேட்டார்கள். மீராவை ஊதினால் பறப்பான் என்றேன். திட்டு வாங்கினேன்.

பின்குறிப்பு: ஒரு சின்னத் திருத்தம். அந்தச் சொல்லை நான் அகராதியில் பார்க்கவில்லை. எதிர்வீட்டுக் கம்பவுண்டர் ஞானையா அண்ணாச்சியிடம் அன்றைக்கே கேட்டேன். "நோய் ஒட்டுன துணிமணி, மூட்ட முடிச்சுன்னு அர்த்தம்டே" என்றார். கார்டில் 'மூட்டை' என்று சரியாகத்தான் எழுதினேன். பிறகு பேனா சும்மா இருக்காமல் பக்கத்தில் 'பூச்சி' என்று ஒட்டிவிட்டது. மற்றதெல்லாம் அதற்காகச் சோடித்தது. சிரித்துவிட்டு நீ இன்ஸ்பெக்டரையும் கேட்பாய் என்று நினைத்தேன். அந்தக் கம்பளியை வாங்கி எரித்துவிடு, என்ன?

சாலமோன்

களக்காடு,
20 பிப்ரவரி 1912

சாலமோனுக்கு,

உன் திருத்தம் பதினேழாம் தேதி மத்தியானம் வந்தது. மாரிக்கண்ணுக்கு அன்று காலையே காய்ச்சல் கண்டுவிட்டது. இன்று முகத்தில் அம்மை முத்து எழும்பியிருக்கிறது. கொட்டகையில் நான் வெந்நீர் ஊற்றிய கட்டிலிலேயே கிடக்கிறாள்.

இன்ஸ்பெக்டர் நேற்று வந்தார். நான் வைத்திருந்த சிரட்டையைப் பார்த்தார். "இது என்னதுலே?" என்றார். ஃபோமைட்ஸ் என்றேன். அவர் சிரிக்கவில்லை. அந்த மூட்டையையும் கம்பளியையும் கேட்டார். சொன்னேன். "வார்த்த தெரியலன்னா கேட்டிருக்கணும்லா?" என்றார். கேட்டேன் என்றேன். யாரிடம் என்று அவர் கேட்கவில்லை, நான் சொல்லவும் இல்லை. இந்தப் பிள்ளைக்கு அம்மை குத்தவே இல்லையாம். "கம்பளி கொடுத்து நாலு நாளைக்குள்ள தெரிஞ்சிருந்தாக்கூட குத்திக் காப்பாத்தியிருக்கலாம்" என்றார்.

மாதக் கடைசியோடு எனக்கு வேலை இல்லை. தெரியாததைத் தெரிந்ததாகச் சொல்லி ஆபத்து உண்டாக்கினவன், இனி எந்தச் சர்க்கார் வேலைக்கும் ஆகமாட்டான் என்று மேலே எழுதப்போகிறாராம்.

மீரா

பாளையங்கோட்டை,
22 பிப்ரவரி 1912

என் மீராவுக்கு,

எப்படி ஆரம்பிப்பது என்று தெரியாமல் நாலு தாள் கிழித்தேன்.

நாலு நாள் என்றாரா? உன் கம்பளிக் கடிதம் எட்டாம் தேதி என் கைக்கு வந்தது. அன்றைக்கே கார்டு போட்டிருந்தால் பத்தாம் தேதி களக்காட்டில் இருந்திருக்கும். எண்ணிப் பார்த்தேன். சரியாக நாலாவது நாள். படித்ததும் திருத்தி எழுத ஒரு கார்டை எடுத்தது உண்மை. பிறகு, ஒன்றும் ஆகாது என்று உன் கடிதத்தைப் புத்தகத்துக்குள் மடித்து வைத்தேன். ஒரு வாரம் மடித்தே வைத்திருந்தேன். அறையில் அடைத்தார்கள் என்று எழுதினது பாதிப் பொய். தபாலாபீஸ் எங்கள் தெருமுனையில்தான் இருக்கிறது. அதைத் தாண்டித்தான் தினமும் பள்ளிக்கூடம் போனேன்.

மாரிக்கண்ணு எப்படி இருக்கிறாள்? ஒரு வரி எழுது.

மீரா, இன்னொன்று கேட்கிறேன், திட்டாதே. என் கார்டு உன்னிடம் இருக்கிறதல்லவா? என் கையெழுத்து, என் பேர், அந்தப் படம். இன்ஸ்பெக்டர் பார்த்தால் பள்ளிக்கூடத்துக்கு எழுதுவார். அப்பா அங்கே வாத்தியார். பரீட்சைக்கு என்னை விடமாட்டார்கள். அதை எரித்துவிடு. எனக்காக இந்த ஒன்றை மட்டும் செய்.

சாலமோன்

பாளையங்கோட்டை,
2 மார்ச் 1912

மீரா,

பதில் இல்லை. திட்டியாவது எழுது. பிள்ளை இருக்கிறாளா?

சாலமோன்

களக்காடு,
11 மார்ச் 1912

சாலமோனுக்கு,

இருக்கிறாள். முத்து இறங்கிவிட்டது. இடது கண் போய்விட்டது.

வேலை போன பிறகும் நான் இங்கேதான் இருக்கிறேன். பேச்சித்தாய் அக்காளோடு மாறி மாறி வேப்பிலை வீசிக்கொண்டு. அவள் என்னை ஒரு வார்த்தை சொல்லவில்லை. சொல்லியிருந்தால் நன்றாக இருந்திருக்கும். "நீங்க நல்லதுன்னுதான குடுத்திய" என்கிறாள். அப்போதெல்லாம் நான் எழுந்து வேப்பிலை பறிக்கப் போய்விடுகிறேன்.

இந்தக் காகிதம் கந்தகப் புகையில் காட்டித்தான் வருகிறது. நாற்றம் அடித்தால் அதுதான்.

கார்டைக் கேட்டாய். யாருக்கும் காட்டவில்லை. உன்னைக் காப்பாற்ற என்று நினைக்காதே. கம்பளியைக் கொடுத்தது என் கை. 'எஸ் சார்' என்றது என் வாய். ஆனால் எரிக்கவும் இல்லை, காரணம் கேள். காய்ச்சல் வேகத்தில் பிள்ளை கத்தியபோது சமாதானம் பண்ண ஒன்றும் இல்லாமல் மேஜையிலிருந்து அந்தக் கார்டைப் பிய்த்துக் கொடுத்தேன். பூச்சியின் தொப்பியைப் பார்த்துச் சிரித்தாள். "தொப்பி போட்டுக்கிட்டு இது எங்கன போவுது?" என்றாள். அன்றிலிருந்து அவள் தலைமாட்டில்தான் இருக்கிறது. இப்போது ஒரு கண்ணால் பார்க்கிறாள். "இத வரஞ்ச அண்ணாச்சி இங்க வருவாவளா?" என்று கேட்டாள். தெரியாது என்றேன்.

அவள் வீட்டுக்குப் போகிற அன்று, தொட்டது எல்லாம் தீயில் போகும். கார்டும் போகும். நீ கேட்டது நடக்கும், சட்டப்படி. அதுவும் இப்போது ஒரு ஃபோமைட்ஸ்தான்.

மீரா

பாளையங்கோட்டை,
13 மார்ச் 1912

மீராவுக்கு,

உன் கடிதத்தைக் கையில் வைத்திருக்கும்போதே, மாரிக்கண்ணு என்ற பேரையும் போன கண்ணையும் சேர்த்து ஒரு சிலேடை தானாக என் வாயில் வந்து உட்கார்ந்தது. நான் கூப்பிடவில்லை. அது வந்துவிட்டது. கிணற்றடிக்குப் போய் வாயைக் கொப்பளித்தேன்லே. இந்த வாயை வைத்துக்கொண்டு நான் என்ன செய்வேன்?

பள்ளிக்கூடத்துப் பெரிய அகராதியை இன்று எடுத்துப் பார்த்தேன். ஜனவரியில் செய்ய வேண்டியது. அந்தச் சொல்லுக்குள் மைட்ஸ் என்ற பூச்சியே கிடையாது. ஒன்றென்றால் ஃபோமெஸ், பலவென்றால் ஃபோமிட்டீஸ். வைத்தியத்தில், நோயை ஏந்திக்கொண்டு இடம் மாறுகிற துணி, மூட்டை, காகிதம். அதற்கும் முன்னால் லத்தீனில் வேறு அர்த்தம் இருந்திருக்கிறது: சக்கிமுக்கிக் கல்லிலிருந்து விழுகிற பொறியைப் பிடித்து வைத்திருக்கும் பஞ்சு. பார்த்தால் பஞ்சு மாதிரியேதான் இருக்குமாம். உள்ளே நெருப்பு இருப்பது தெரியாதாம். நீ கேட்டதற்கு நாற்பத்துநான்கு நாள் கழித்து இதுதான் பதில். என் கார்டை இன்றைக்கு நீ அந்தப் பேர் சொல்லிக் கூப்பிட்டாய். அது இங்கே தபாலில் போடும்போதே அப்படித்தான் இருந்தது.

அப்பாவிடம் எல்லாம் சொல்லிவிட்டேன். பிரம்பை எடுப்பார் என்று கையை நீட்டினேன். எடுக்கவில்லை. "எங்கிட்ட ஏம்லே நீட்டுத? கேக்க வேண்டியவிய களக்காட்டுல்லா இருக்காவ" என்றார்.

சனிக்கிழமை வருகிறேன். பரீட்சை திங்கட்கிழமை. இருக்கட்டும். இன்ஸ்பெக்டர் முன்னால் நின்று, மீரா கேட்டான், அர்த்தம் தெரிந்தே பொய் எழுதினேன், பிறகும் ஒரு வாரம் சும்மா இருந்தேன் என்று சொல்லப்போகிறேன். அவர் உன்னைப்பற்றி எழுதினதை மாற்ற வேண்டும். வெறும் வாயால் சொன்னால், சிநேகிதனுக்காகச் சோடிக்கிறான் என்பார். ஆகையால் கார்டு வேண்டும். எரி என்று கேட்டவனே கெஞ்சுகிறேன், எரிக்காதே. அவர் ஒரு தடவை பார்க்கட்டும்.

சாலமோன்

களக்காடு,
15 மார்ச் 1912

சாலமோனுக்கு,

உன் கடிதம் இன்று காலை வந்தது. தபால் நேரத்துக்கு வராது, இதை அங்கே வருகிற வண்டிக்காரரிடம் கொடுத்தனுப்புகிறேன். நேற்றுத்தான் மாரிக்கண்ணை வீட்டுக்கு விட்டார்கள். பாய், தலையணை, அவள் போர்த்திக்கிடந்த சிவப்புக் கம்பளி, கார்டு, எல்லாம் நேற்றே எரித்தாகிவிட்டது. தொப்பிப் பூச்சி போனதற்கு மட்டும் அழுதாள்.

இனி உன் கையெழுத்து எங்கும் இல்லை. வராமல் இருந்தாலும் உன்னை யாரும் ஒன்றும் கேட்கப்போவதில்லை.

இன்ஸ்பெக்டர் சனிக்கிழமை சாயங்காலம் கொட்டகையை அடைக்க வருகிறார். வருவதானால் வெறும் வாயோடுதான் வரவேண்டும். நம்புவதும் நம்பாததும் அவர் பாடு.

அது முடிந்து பேச்சித்தாய் அக்கா வீட்டுக்குப் போகலாம். பென்சில் கொண்டுவா, பிள்ளை இன்னொரு பூச்சி கேட்கிறாள். வரையும்போது அவளுக்கு வலதுபக்கம் உட்கார். அந்தப் பக்கம்தான் அவளுக்குத் தெரியும்.

மீரா முகைதீன்