“இது உங்கள் வீடா?” என்று பெட்டி கேட்டது

என் செல்ல மகனுக்கு அம்மா எழுதுவது.

இங்கே நான் நலம், அப்பா நலம், அப்பாவின் வலது கைக் கட்டைவிரல் ரொம்ப ரொம்ப நலம். அங்கே நீயும் மருமகளும் நலமா, அதைவிட முக்கியமாக உங்கள் வீட்டு கேம் பெட்டி நலமா என்று விசாரிக்கிறேன், ஏன் என்று போகப் போகத் தெரியும். போனிலேயே சொல்லிவிடலாம் என்று மூன்று தடவை உன்னைக் கூப்பிட்டேன், மூன்று தடவையும் “கண்ணா” என்று ஆரம்பிப்பதற்குள் சிரிப்பு முட்டிக்கொண்டு வந்து போனை வைத்துவிட்டேன், நீ வேறு “என்னம்மா, உடம்புக்கு ஏதாவதா?” என்று பதறிப் பதறித் திருப்பிக் கூப்பிடுகிறாய். கடிதம் என்றால் சௌகரியம், சிரித்து முடித்துக் கண்ணைத் துடைத்துக்கொண்டு விட்ட இடத்திலிருந்து எழுதலாம். முதலில் விஷயத்தைப் போட்டு உடைத்துவிடுகிறேன். உங்கள் புதுப் பெட்டியில் மருமகள் ஆடும் ஆட்டத்தின் மேலெல்லாம் பூட்டுப் படம் வந்து வந்து போகிறது, பெட்டியே பழுது, கடையில் திருப்பிக் கொடுத்துவிடப் போகிறேன் என்று சொன்னாயே, அது பழுது இல்லை. அது நான்.

கதையை ஒழுங்காகச் சொல்கிறேன். அப்பா பேக்கரியில் வழுக்கி விழுந்து மணிக்கட்டு முறிந்ததும், மாவுக்கட்டைப் பிரித்த பிறகும் கட்டைவிரலும் ஆள்காட்டி விரலும் சொன்ன பேச்சைக் கேட்காமல் மரக்கட்டை மாதிரி இருந்ததும் உனக்குத் தெரியும். தெரியாதது ஒன்று இருக்கிறது. முப்பது வருஷம் கேக் மேல் ரோஜாப் பூ போட்ட மனுஷனை அடுப்புப் பக்கம் ஸ்டூல் போட்டு மணி பார்க்க உட்கார வைத்துவிட்டார்கள், எந்தத் தட்டு எப்போது வெந்தது என்று சொல்வது மட்டும்தான் வேலை. வருஷம் முடிவதற்குள் கை சரியாகாவிட்டால் பூப் போட வேறு ஆள் பார்க்க வேண்டியிருக்கும் என்று முதலாளியம்மா பக்குவமாகச் சொல்லிவிட்டார். உன்னிடம் சொல்லக் கூடாது என்று அப்பா என்னிடம் சத்தியம் வாங்கிக்கொண்டார், இதோ அதையும் உடைத்துவிட்டேன். கைப்பயிற்சி கொடுக்கும் பெண் ஒரு ரப்பர் பந்தைக் கொடுத்து தினமும் இருநூறு தடவை அமுக்கச் சொன்னாள். உன் அப்பா பத்து தடவை அமுக்கிவிட்டுப் பந்தைச் சோபாவுக்கு அடியில் உருட்டிவிட்டு “பந்தக் காணோம்” என்று முகத்தை அப்பாவியாக வைத்துக்கொள்வார். பொறுத்துப் பொறுத்துப் பார்த்துவிட்டு ஒருநாள் நீ விட்டுப் போன கேம் பெட்டியைப் போட்டு, அந்த ரிமோட்டை அவர் கையில் திணித்தேன், அதை ரிமோட் என்று சொன்னால் உனக்குக் கோபம் வரும், கன்ட்ரோலர் என்றே வைத்துக்கொள். நீ படிக்கிற காலத்தில் இதே பெட்டியின் வயரைப் பிடுங்கி மைதா டின்னுக்குள் ஒளித்து வைத்த மனுஷன் அவர், அதனால் முதல் இரண்டு நாள் வாசல் கதவைச் சாத்திவிட்டுத்தான் ஆடினார்.

வீடு காலி செய்யும் ஆட்டம் ஒன்று இருக்கிறதே, இரண்டு பேர் சேர்ந்து சாமானையெல்லாம் தூக்கி நேரத்துக்குள் லாரியில் ஏற்ற வேண்டும், அதுதான் எங்களுக்குப் பிடித்துப் போனது. ஆள்காட்டி விரலை அழுத்திப் பிடித்தபடியே இருந்தால்தான் சாமான் கையில் நிற்கும், விட்டால் விழுந்து நொறுங்கும், திருப்புவதற்குக் கட்டைவிரல், அந்தப் பெண் பந்தை வைத்துச் சொன்ன அதே பயிற்சிதான். கல்யாணமாகி இத்தனை வருஷத்தில் நாங்கள் இவ்வளவு சண்டை போட்டதில்லை கண்ணா. சோபா வாசற்படியில் மாட்டிக்கொள்ளும், “திருப்பு, திருப்பு” என்பார், எந்தப் பக்கம் என்றால் “என் பக்கம்” என்பார், உங்க பக்கம் எனக்கு எந்தப் பக்கம் என்று நான் கேட்பதற்குள் சோபா ஜன்னலை உடைத்துக்கொண்டு வெளியே போயிருக்கும். நீ கிளம்பும் முன்னால் ‘அப்பா’, ‘அம்மா’ என்று ஆளுக்கொரு கணக்கு ஏற்படுத்தி வைத்தாயே, அப்பா கணக்கில் உட்கார்ந்து மொத்தம் நாற்பது வீட்டில் முப்பத்தெட்டு வீட்டைக் காலி செய்துவிட்டோம். அந்த நிலைமையில்தான் ஒருநாள் சாயங்காலம் பெட்டியைப் போட்டால் எல்லா ஆட்டத்தின் மேலும் பூட்டு. அப்பா முகம் வெளிறிப் போய் “கண்டுபிடிச்சிட்டான்டி, அங்கேருந்தே பூட்டிட்டான்” என்றார். மைதா டின்னுக்கு இத்தனை வருஷம் கழித்து நீ பழி வாங்குகிறாய் என்றே முடிவு கட்டிவிட்டார், அதனால்தான் உன்னிடம் வாயைத் திறந்து கேட்கவில்லை, கேட்டிருந்தால் இத்தனை கூத்தும் நடந்திருக்காது.

இப்போது என் பங்கு வருகிறது. கண் ஆஸ்பத்திரி கவுண்டரில் உட்கார்ந்து நாள் முழுக்கப் படிவம் நிரப்ப வைக்கிறவள் நான், எந்தக் கேள்வியையும் பதில் போடாமல் விட்டுவிட்டு நகரத் தெரியாது. உன் கணக்குக்குள் போய் அங்கே தட்டி இங்கே தட்டிக்கொண்டிருந்தபோது ஒரு கேள்வி வந்தது, “இது உங்கள் வீட்டுப் பெட்டியா?” என்று. உன் கணக்கு, உன் பெட்டி, கேட்டது உன் வீட்டை. நீ பிறந்து ஆஸ்பத்திரியிலிருந்து வந்தது இந்த வீடு, விழுந்து பல்லை உடைத்துக்கொண்டது இந்த வீட்டுப் படி. வேறு எது உன் வீடு? ‘ஆம்’ என்று அழுத்தினேன். அத்தனை பூட்டும் அந்த நொடியே கழன்றுவிட்டன. எனக்குத் தலைகால் புரியவில்லை. உன் அப்பா என்னை என்ஜினீயர் என்றே கூப்பிட ஆரம்பித்துவிட்டார். இரண்டு நாள் கழித்து மறுபடி பூட்டு, மறுபடி போய் ‘ஆம்’. இந்தத் தடவை பூட்டு கழன்றதோடு ஓர் எச்சரிக்கையும் வந்தது, இந்த வருஷத்தில் இன்னும் ஒரே ஒரு முறைதான் வீட்டை மாற்ற முடியும் என்று. வீட்டை யார் மாற்றினார்கள், நாங்கள் இங்கேயேதானே இருக்கிறோம் என்று இரண்டு பேரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்து விழித்தோம்.

அந்த ஞாயிற்றுக்கிழமைதான் நீ போனில், “அவளுக்கு இங்க பேச்சுத் துணைக்கு ஆளே இல்லம்மா, வேலையும் இன்னும் கிடைக்கல, மத்தியானம் பூரா அந்தப் படம் வரையிற ஆட்டம்தான், அதுவும் பூட்டிக்கிச்சு, அழுதுட்டா” என்று சொன்னாய். பூட்டு என்ற சொல் காதில் விழுந்ததும் எங்கள் பெட்டியின் பூட்டு நினைவுக்கு வந்தது, ஆனாலும் இரண்டுக்கும் என்ன சம்பந்தம் என்று புரியவில்லை. மறுநாள் கேம் கடை நடத்தும் அம்மணி கண்ணாடி பவர் மாற்ற எங்கள் ஆஸ்பத்திரிக்கு வந்தாள். பின்னால் பதினோரு பேர் நிற்க, டோக்கன் கொடுக்காமல் அவளைப் பிடித்து வைத்துக்கொண்டு கேட்டேன். டோக்கன் சீட்டின் பின்புறம் இரண்டு வீடு வரைந்து காட்டினாள். ஒருத்தர் வாங்கின ஆட்டத்தை அவருடைய ‘வீட்டுப் பெட்டி’யில் யார் வேண்டுமானாலும் அவரவர் பேரில் ஆடலாமாம், வேறு எந்தப் பெட்டியிலும் வாங்கினவர் கணக்கில் உட்கார்ந்தால்தான் திறக்குமாம், ஒருத்தருக்கு ஒரு வீடுதான் வைத்துக்கொள்ள முடியுமாம். வருஷத்துக்கு ஐந்து தடவைக்கு மேல் மாற்ற முடியாது. “மிச்சம் ஒண்ணுன்னா, இங்க ரெண்டு தடவை, அங்க ரெண்டு தடவை ‘ஆம்’ போட்டிருக்கீங்க. அங்க யாரும்மா போட்டது?” என்று கேட்டாள். முதல் தடவை புதுப் பெட்டி வாங்கின அன்று நீ. இரண்டாவது தடவை, பூட்டைப் பார்த்துப் பதறிப்போய் உன் கணக்கில் நுழைந்து, மருமகள். நினைத்துப் பார், மகன் வீடு எங்கே இருக்கிறது என்று மாமியாரும் மருமகளும் இத்தனை நாளாகச் சண்டை போட்டிருக்கிறோம், சண்டை என்று இரண்டு பேருக்கும் தெரியாது! கவுண்டரில் உட்கார்ந்து நான் சிரித்த சிரிப்பில் டாக்டரே அறையை விட்டு வெளியே எட்டிப் பார்த்துவிட்டார்.

சிரித்துக்கொண்டே வீட்டுக்கு வந்தேன், வந்ததும் சிரிப்பு நின்றுவிட்டது. வீடு இப்போது என் பக்கம், கடைசி முறை ஒன்றுதான் பாக்கி. நான் வாயை மூடிக்கொண்டிருந்தால் அப்பா மிச்சம் இரண்டு வீட்டையும் முடித்துவிடுவார், வருஷம் முழுக்க ஆடினால் கையும் திரும்பிவிடும். அந்த ஆட்டத்தை இப்போது விற்பதையே நிறுத்திவிட்டார்களாம், தனியாக ஒன்று வாங்கிக்கொள்ளவும் வழியில்லை. உன் கணக்கில் போய் ஆடலாம், ஆனால் அப்பா பேரில் இருக்கும் முப்பத்தெட்டு வீடும் உன் பேருக்கு வராது, அதை ஒரு கணக்கிலிருந்து இன்னொரு கணக்குக்கு மாற்றவே முடியாது என்று அம்மணி அடித்துச் சொல்லிவிட்டாள். எனக்கு மனசே வரவில்லை, உண்மையைச் சொல்கிறேன். ரெண்டே ரெண்டு வீடு, ஒரு நாலு நாள் கழித்துச் சொல்லிக்கொள்ளலாம் என்று அப்பாவிடம் இழுத்தேன். அவர் எல்லாவற்றையும் கேட்டு வயிறு குலுங்கச் சிரித்துவிட்டு, கன்ட்ரோலரைக் கீழே வைத்துவிட்டு, “பாவம், அந்தப் பொண்ணு பூட்டப் பாத்துக்கிட்டு தனியா உக்காந்திருக்கும். இப்பவே போன் பண்ணு. வீடு காலி பண்றதுதான நமக்கு நல்லா வருது” என்றார்.

அதனால்தான் அந்தத் திங்கட்கிழமை சாயங்காலமே, அங்கே காலையில் நீ ஆபீஸ் போன பிறகு, மருமகளைக் கூப்பிட்டு, இன்னும் ஒரு தடவை ‘ஆம்’ போடும்மா, இனிமேல் பூட்டாது என்று சொன்னேன். “உங்களுக்கு எப்படி அத்தை தெரியும்?” என்று கேட்டாள், டக்கென்று போனை வைத்துவிட்டேன். இங்கே இரண்டு பேரும் திரையையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தோம். பொத் பொத்தென்று ஒவ்வொரு ஆட்டமாகப் பூட்டு வந்து உட்கார்ந்தது, அவள் அங்கே அழுத்துகிறாள், இங்கே எங்களுக்குத் தெரிகிறது, என்னவோ அவளே கதவைத் திறந்து எட்டிப் பார்த்த மாதிரி இருந்தது, இரண்டு பேரும் கைதட்டினோம். உன் வீடு அங்கேதான் கண்ணா. இதை எழுதுவதற்குள் பேனாவை இரண்டு தடவை மூடி வைத்துவிட்டேன், அதையும் மறைக்காமல் சொல்லிவிடுகிறேன், ஆனாலும் முழு மனசோடுதான் சொல்கிறேன்.

இனிமேல்தான் நல்ல சேதி. உன் கணக்கில் நுழைந்து முதல் வீட்டிலிருந்து ஆரம்பித்தோம். முதன்முதலில் அந்தச் சின்ன வீட்டைக் காலி செய்ய எங்களுக்கு ஐந்து நாள் ஆனது, டேபிள் ஃபேனை மட்டும் உன் அப்பா பதினோரு தடவை கீழே போட்டார். இப்போது ஒரே மூச்சில் முடித்துவிட்டார், ஒரு டம்ளர் கூட விழவில்லை. முடித்ததும் சந்தோஷப்படக்கூட இல்லை, கையை முகத்துக்கு நேரே தூக்கிப் பிடித்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். “ஏய், இது பிடிக்குதுடி” என்றார். முன்னேறிக்கொண்டே இருந்ததில் எவ்வளவு தூரம் வந்திருக்கிறோம் என்று எங்களுக்கே தெரியவில்லை, திரும்ப முதலுக்கு வந்த பிறகுதான் தெரிந்தது. மறுநாள் பேக்கரியில் ஸ்டூலை விட்டு எழுந்து, யாரையும் கேட்காமல் கிரீம் பையை எடுத்து ஒரு கேக் மேல் ‘வாழ்த்துகள்’ என்று எழுதிவிட்டார். ழகரத்தின் கீழ்ச்சுழி மட்டும் கொஞ்சம் ஆட்டம் கண்டு வழிந்துவிட்டதாம், முதலாளியம்மா அதன் மேல் ஒரு பூ வைக்கச் சொன்னாராம், பூவையும் இவரேதான் வைத்தாராம். சனிக்கிழமையிலிருந்து பாதி நேரம் பூ மேஜையில் வேலை. வீட்டுக்கு வந்த மனுஷனுக்கு வாயெல்லாம் பல்.

மருமகளிடம் எல்லாவற்றையும் நீயே சொல்லிவிடு, சொல்லும்போது நான் மன்னிப்புக் கேட்டதாகவும் சொல், ரொம்பச் சிரித்தால் மன்னிப்பைத் திரும்ப எடுத்துக்கொண்டேன் என்று சொல். அவள் வரைகிற படத்தில் ஒன்றை எனக்கு அனுப்பச் சொல், கவுண்டரில் ஒட்டி வைக்கிறேன். அவளுக்குச் சீக்கிரம் வேலை கிடைக்கும், கூடவே நல்ல சிநேகிதிகளும் கிடைப்பார்கள். நீங்கள் இரண்டு பேரும் எங்களை மாதிரி சோபாவுக்காகச் சண்டை போட்டுக்கொண்டு நூறு வருஷம் நன்றாக இருக்க வேண்டும்.

மறந்துவிடாதே, ஒன்றே ஒன்று. உன் கணக்கில் நாங்கள் உட்கார்ந்தால் மருமகளின் திரையில் உன் பேருக்குப் பக்கத்தில் ஒரு பச்சைப் புள்ளி எரியுமாம், நீ ஆடிக்கொண்டிருக்கிறாய் என்று காட்டுமாம். நீ ஆபீஸில் இருக்கும் நேரம் எங்களுக்குச் சாயங்காலம், அதுதான் எங்கள் நேரம், அந்த நேரத்தில் நீ நுழையாதே, நுழைந்தால் பெட்டி அப்பாவைப் பாதிப் படியில் வெளியே தள்ளிவிடும். அப்பா கை எப்படி இருக்கிறது என்று இனிமேல் அவரிடம் கேட்காதே, “நல்லாத்தான் இருக்கு” என்பார், விழுந்து முறிந்த அன்றைக்கும் அதைத்தான் சொன்னார். மருமகளிடம் கேள், பச்சைப் புள்ளி எரிகிறதா என்று. எரிந்தால், இங்கே உன் பேரில் உன் அப்பா ஓர் அலமாரியைக் கீழே விடாமல் பிடித்துக்கொண்டிருக்கிறார்.

இப்படிக்கு,
அலமாரியின் மறுமுனையைப் பிடித்திருக்கும்
உன் அம்மா