நூறு தடவைக்கான கீ

ஆகஸ்ட் 4, திங்கள்
வெயில். ஆடிக் காற்றில் கண்ணெல்லாம் மண். சாத்தூர் ஸ்கூல் லேப், 40 கம்ப்யூட்டர், ஆபீஸ் மென்பொருள் ஆக்டிவேஷன். ஒவ்வொன்றாக உட்கார்ந்து கீ நம்பர் அடிக்கவில்லை. சர்வரில் கறுப்பு விண்டோவைத் திறந்து ஒரே கமாண்ட். நாற்பதும் ஓகே. எனக்கே என் மேல் பெருமை. லேப் பொறுப்பு ஜெசிந்தா டீச்சர் டீ வாங்கித் தந்தார். கீ அவரிடமும் ஒரு தாளில். நூறு தடவைதான் செல்லும், யாரிடமும் காட்டாதீர்கள் என்று சொல்லி வைத்தேன்.
பாக்கி: அச்சங்குளம் பட்டாசு கம்பெனி பில்லிங் மெஷின். சீசன். மூன்று தடவை போன்.

5, செவ்வாய்
டீச்சர் போன். "தம்பி, நாப்பதுலயும் மறுபடி ஆக்டிவேட் பண்ணச் சொல்லுது." வீட்டிலிருந்தே திரும்பக் கமாண்ட். ஓகே. ஏன் என்று யோசிக்கவில்லை. கம்பெனி அவசரம்.

6, புதன்
மறுபடி அதே. மறுபடி கமாண்ட். இருபதோடு நின்றது. நாற்பது, நாற்பது, இருபது: கீயின் நூறு தடவையும் தீர்ந்துவிட்டது.
அப்புறம்தான் உறைத்தது. பிள்ளைகள் எதையாவது அழித்துவிடுவார்கள் என்று அந்த மெஷின்களுக்குப் பூட்டு போட்டதே நான்தான். அணைத்துப் போட்டால் பழைய நிலைக்கே போய்விடும். பூட்டை எடுத்துவிட்டு அல்லவா ஆக்டிவேட் பண்ணியிருக்க வேண்டும். மடையன்.

7, வியாழன்
கீ தீர்ந்தது தெரிந்து தாளாளர் கூப்பிட்டார். அறையில் டீச்சரும். டீச்சரின் தம்பி சிவகாசியில் கம்ப்யூட்டர் டிசைன் சென்டர் வைத்திருக்கிறார். "கீ அங்கன போயிருக்குமோ?" என்று தாளாளர் என்னைக் கேட்டார்.
"இருக்கலாம் சார்."
வாய் தானாகச் சொல்லிவிட்டது. டீச்சர் என்னைத் திரும்பிப் பார்த்தார். "நான் யாருக்கும் குடுக்கலைங்க சார்." தாளாளர் கீ எழுதிய தாளை அவரிடமிருந்து கேட்டு வாங்கிக்கொண்டார்.


11, திங்கள்
பியூன் சொன்னது: "டீச்சரை லேப்பை விட்டு எடுத்துட்டாக. அவுக வேலையே வேண்டாம்னு எழுதிக் குடுத்துட்டுப் போயிட்டாக. பதினோரு வருசம்."
வாங்க: மவுஸ் 6, காட்ரிட்ஜ் 2.
செய்ய: தாளாளரிடம் உண்மை.
மவுஸ் மட்டும் வாங்கினேன். ஸ்கூல் காண்ட்ராக்ட் போய்விடும் என்ற பயம். வேறொன்றுமில்லை.

14, வியாழன்
ரோடெல்லாம் இருக்கன்குடி மாரியம்மன் கோயிலுக்கு நடந்து போகிற கூட்டம். வண்டி நகரவில்லை. எப்படியோ ஸ்கூல் போய்ச் சேர்ந்து தாளாளரிடம் எல்லாம் சொன்னேன். பூட்டு, கமாண்ட், என் பொய். அப்போதே டீச்சருக்கு போன் போட்டுத் திங்கட்கிழமை வரச் சொன்னார். எனக்குக் காண்ட்ராக்ட்கூடப் போகவில்லை. அது இன்னும் அசிங்கமாக இருந்தது.
சாயங்காலம் டீச்சர் வீடு. மன்னிப்புக் கேட்டேன். உட்காரச் சொல்லித் தண்ணீர் தந்தார்.
"திங்கக்கிழமை வந்துருவீகள்ல டீச்சர்?"
"வரலை தம்பி. நான் குடுக்கலைன்னு அவுக மூஞ்சிக்கு நேரா சொன்னேன், நம்பலை. இன்னைக்கு நீங்க சொன்னதும் உடனே நம்பிட்டாக."